கொடியில் ஈரத்துணி

அரியலூரில் சுண்ணாம்புக்கல் சுரங்கத்துக்கு அருகே எங்கள் தெருவில் ஓய்வு பெற்ற ராணுவ ஜெனரல் ஒருவர் இருந்தார். வெள்ளை மீசை, கஞ்சி போட்ட சட்டை. சுரங்கத்தில் வெடி வைக்கச் சைரன் ஊதினால், டீக்கடையில் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நிற்பார்.

"என்னங்க சார், பயமா?" என்று ஒருநாள் விளையாட்டாகக் கேட்டுவிட்டேன்.

"இங்க ஆளுங்கள வெலக்கிட்டுத்தான் வெடிக்கிறாங்க தம்பி. சண்டையப்ப நான் சின்ன ஆபீசர். எல்லையில ஒரு ஊரு. எல்லாரும் போயிட்டாங்க, பீரங்கியால அடிங்கன்னு மேலேர்ந்து உத்தரவு. பைனாகுலர்ல பாத்தா, கொடியில அப்பத்தான் அலசிப் போட்ட துணி சொட்டுது."

"மேல சொன்னீங்களா?"

"சொன்னேன். உத்தரவு மாறல. அடிங்கன்னு சொன்ன வாயி என்னோடதுதான்."

அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். இப்போதும் சைரன் ஊதினால் என் கண் எங்கள் மொட்டைமாடிக் கொடிக்குத்தான் போகிறது.