பேசும் பன்னிரண்டு கட்டங்கள்

என் மனைவியின் பேச்சு ஓர் ஆடி மாதக் காலையில் நின்றது. இருக்கன்குடி மாரியம்மன் கோயிலுக்குப் புறப்படுவதற்காக மஞ்சள் புடவை உடுத்தி, கொசுவத்தைச் செருகிக்கொண்டிருந்தவள் அப்படியே சுவரோடு சரிந்தாள். மதுரை மருத்துவமனையிலிருந்து அவளை அழைத்து வந்தபோது வலக்கையும் வலக்காலும் அசையவில்லை. வாயிலிருந்து ‘ம’ என்னும் ஓர் ஒலி மட்டும் வந்தது. தண்ணீர் கேட்டாலும் ‘ம’, தலை வலித்தாலும் ‘ம’.

ஐப்பசி மழை தொடங்கியதும் அவள் நிலை மாறியது. எதையோ சொல்லத் துடித்தாள். இடக்கையால் வீட்டின் பின்பக்கத்தைக் காட்டுவாள். நாங்கள் கழிப்பறைக்குத் தூக்கிக்கொண்டு போவோம். அங்கே அழுவாள். எதைக் கேட்டாலும் இல்லையென்று தலையசைத்தாள். பள்ளிக்கூடம் காணாதவள் ஆதலால் எழுதிக் காட்டவும் வழியில்லை. பிறகு உண்பதையும் நிறுத்தினாள். கஞ்சியை உதட்டில் வைத்தால் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். அவளுக்கு எல்லாம் விளங்குகிறது, வெளியே சொல்லும் வழிதான் அடைபட்டிருக்கிறது, சில வேளை ஒரு சொல்லுக்கு மற்றொன்றைத் தவறிக் காட்டவும் கூடும் என்றார் மருத்துவர். இப்படியே உண்ணாதிருந்தால் உடம்பு அதிக நாள் தாங்காது என்பதையும் மறைக்கவில்லை. அவள் சொல்ல வந்ததைக் கேளாமலே அவளை அனுப்பிவிடுவேனோ என்னும் அச்சம் என் நெஞ்சைப் பிடித்துக்கொண்டது.

நான் சிவகாசி அச்சகம் ஒன்றில் மெய்ப்புப் பார்த்து ஓய்வு பெற்றவன். வாழ்நாள் முழுவதும் பிறர் அச்சடித்த பிழைகளைத் திருத்தினேன். விடியலிலும் அந்தியிலும் பதிகம் பாடினேன். என் மனைவி திருமணத்துக்கு முன்பிருந்தே பட்டாசுக் கம்பெனியில் வேலை பார்த்தவள். ஒரு முறை தீப்பொறி பட்டு அவள் மணிக்கட்டு வெந்தபோது அந்த வேலையை விடச் சொன்னேன். திருத்தங்கலில் எங்கள் தெருவில் பாதி வீடுகளில் பட்டாசுக்குத் திரி கட்டுவார்கள். என் வீட்டுக்குள் அதுவும் கூடாது என்றேன். அவள் மறுபேச்சுப் பேசவில்லை. சம்மதித்தாள் என்று எடுத்துக்கொண்டேன்.

அந்த ஐப்பசியில் என்னை மிகவும் நோகச் செய்தது வேறொன்று. அந்தியில் நான் விளக்கேற்றினால் அவள் அலறினாள். கற்பூரத் தட்டை எடுத்தால் கட்டிலை விட்டு உருண்டு விழப் பார்த்தாள். இத்தனை ஆண்டு என்னோடு சேர்ந்து கைகூப்பியவள் இறைவனையே வெறுத்துவிட்டாள் என்று முடிவு செய்தேன். நோய் தீரப் பாடும் பதிகங்களை இன்னும் உரக்கப் பாடினேன். அவள் இன்னும் உரக்க அழுதாள். பாடுவதா நிறுத்துவதா என்று தெரியாமல் பாதிப் பாட்டில் நின்ற நாள்கள் உண்டு. அத்தனை பாட்டும் அவள் வாய்க்கு ஒரு சொல்லை வாங்கித் தரவில்லையே என்று சன்னதியில் நின்று கேட்டேன். கேட்டுவிட்டு, கேட்டதற்காகவும் அழுதேன்.

வழி காட்டியவள் என் மகள். சிவகாசியில் கம்ப்யூட்டரில் காலண்டர் வடிவமைப்பவள். அவள் கணவர் சிங்கப்பூரில் இருந்தார். விடுப்பில் வந்தபோது தாம் விளையாடும் கையடக்கக் கருவியை விட்டுச் சென்றிருந்தார். புத்தகம்போலத் திறக்கும்; மேலும் கீழும் இரு திரைகள்; கீழ்த்திரையைச் சிறு குச்சியால் தொட்டால் அது உணரும். அதைச் செய்த கம்பெனி ஒப்புதல் தந்த விளையாட்டுகளைத் தவிர வேறெதையும் அது ஏற்காது. ஆனால், அந்தப் பூட்டைத் திறந்து தாமே எழுதிய மென்பொருளை அதில் ஓட்டுகிறவர்கள் உலகெங்கும் இருக்கிறார்கள் என்று மகள் பிரவுசிங் சென்டரில் படித்து வந்தாள். பேச்சு வராத தன் குழந்தைக்காக யாரோ ஒரு தந்தை எழுதிய மென்பொருளும் அவற்றுள் ஒன்று. திரையில் பன்னிரண்டு கட்டங்கள், கட்டத்துக்கு ஒரு படம். தொட்டால் அந்தச் சொல்லை அது ஒலிக்கும். படத்தையும் குரலையும் நாமே மாற்றிக்கொள்ளலாம்.

இந்த வகைக்கு ஹோம்புரூ என்று பெயராம். பொருள் என்ன என்றேன்.

“வீட்டுல காய்ச்சுனது” என்றாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு, “குடிக்கிறது இல்லப்பா, பயப்படாதீக” என்றாள். அந்த மாதத்தில் அவள் சிரித்தது அப்போதுதான்.

பூட்டைத் திறக்கும்போது தவறினால் கருவி எதற்கும் உதவாமல் போகும் என்று மருமகனிடம் தொலைபேசியில் சொன்னாள். போனால் போகட்டும், அத்தையைப் பாருங்கள் என்று சொல்லிவிட்டு, மென்பொருளை ஏற்றத் தேவையான நினைவக அட்டையை ஊருக்கு வந்த நண்பரிடம் கொடுத்தனுப்பினார்.

மின்வெட்டு ஊரை ஆட்டிவைத்த காலம் அது. பகல் இரண்டு மணிக்கு மின்சாரம் வந்ததும் உட்கார்ந்தோம். அடுத்த வெட்டு நான்கு மணிக்கு. கருவியின் மின்கல மூடியைக் கழற்றினால் ஒரு சிறு துளை. அதனுள் இரண்டு உலோகப் புள்ளிகள். அந்த இரண்டையும் உலோகத்தால் இணைத்துப் பிடித்திருக்கும் வரையில்தான் புதிய எழுத்து உள்ளே பதியும். வெள்ளித்தாளை மடித்துச் செருகலாம் என்று குறிப்பில் இருந்ததால், பட்டாசுப் பெட்டிக்கு ஒட்டும் பளபளப்புத் தாளை அச்சகத்திலிருந்து கேட்டு வாங்கி வந்திருந்தேன். செருகினோம், எவ்வளவு பதிந்தது என்று காட்டும் கோடு திரையில் நகரவே இல்லை. தாளை விரலால் தேய்த்துப் பார்த்த மகள், மேலே பூசியிருப்பது பிளாஸ்டிக் என்றாள். வாழ்நாளெல்லாம் தாளோடு பழகிய எனக்கு அது தோன்றவில்லை. கண்ணாடிச் சட்டத்துக்குத் திருகாணி முடுக்கும் சிறு ஸ்க்ரூடிரைவரை எடுத்து அதன் நுனியைத் துளைக்குள் வைத்தேன். கோடு ஊர்ந்தது.

“அப்பா, கைய மட்டும் எடுத்துறாதீக. எடுத்தா இது செங்கல்லுதான்.”

பாதிக்கு மேல் போனபோது நுனி நழுவியது. கோடு நின்றது. உள்ளறையில் மனைவி ‘ம, ம’ என்று தொடங்கினாள். மகளின் முகம் வெளுத்தது. அணைக்காமலே மறுபடி வைக்கச் சொன்னாள். வைத்தேன். நகரவில்லை. வாய்க்குள் ஒரு பாட்டைத் தொடங்கினேன். முதலடிக்குப் பின் வரவில்லை. பிள்ளைப் பருவம் முதல் பாடிய பாட்டு! இடக்கையால் வலக்கையின் மணிக்கட்டை இறுகப் பிடித்து, மூச்சை அடக்கி, நுனியை ஓர் இம்மி சாய்த்தேன். கோடு அசைந்தது. அது முடிவைத் தொட்டபோது விரல்களைப் பிரிக்க மகள் உதவ வேண்டியிருந்தது.

ஆயினும் மென்பொருள் ஓடவில்லை. இரண்டு திரைகளும் வெள்ளையாக நின்றன. மறுநாளும் வெள்ளை; அதற்கடுத்த நாளும் வெள்ளை. அதற்குள் மனைவி, வற்புறுத்தி ஊட்டிய கரண்டிக் கஞ்சியையும் உமிழத் தொடங்கியிருந்தாள். மூன்றாம் நாள் மகள் காரணத்தைக் கண்டாள். படக்கோப்புகளுக்கும் ஒலிக்கோப்புகளுக்கும் நான் வற்புறுத்தியதால் தமிழில் பெயரிட்டிருந்தாள். அந்த மென்பொருளுக்கு ஆங்கில எழுத்துத்தான் தெரியும். “உங்க தமிழ்ப்பற்றாலதான் மூணு நாளு போச்சு” என்றாள். பெயர்களை மாற்றியதும் கட்டங்கள் மலர்ந்தன.

சொற்களையும் நானே தெரிந்தெடுத்திருந்தேன். நீர், பசி, மருந்து, வலி, குளிர், உறக்கம், கழிப்பறை, கணவன், மகள், இறைவன், ஆம், இல்லை. மூன்றாவதற்கு மாத்திரை என்று போடலாம் என்றாள் மகள், வீட்டில் அப்படித்தானே பேசுகிறோம் என்று. மாத்திரை எழுத்தொலியின் கால அளவு, மருந்தே பொருந்தும் சொல் என்று நான் விட்டுக்கொடுக்கவில்லை. மகள் தன் குரலில் பன்னிரண்டையும் பதிந்தாள்.

கருவியை மடியில் வைத்துக் குச்சியை இடக்கையில் கொடுத்து ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டினோம். மருந்து என்று அது ஒலித்தபோது என் மனைவியின் கண்கள் அகன்றன. அதையே தொட்டாள். மறுபடியும் தொட்டாள். நான் மகிழ்ந்துபோய் மாத்திரையை எடுத்து நீட்டினேன். தட்டிவிட்டாள். ‘இல்லை’யைத் தொட்டாள். பிறகு மருந்து. வலிக்கு மருந்தா என்றால் இல்லை. தைலமா என்றால் இல்லை. மருத்துவரிடம் போக வேண்டுமா என்றால் இல்லை. மீண்டும் மருந்து. நான்கு நாள் வீடெல்லாம் அந்த ஒரு சொல்தான் ஒலித்தது. மருத்துவர் சொன்னபடி சொல் தடுமாறுகிறது என்று முடிவு கட்டினோம். கருவி வந்தும் பயனில்லை. மகள் அடுப்படியில் நின்று சுவரில் நெற்றியை வைத்து அழுததைப் பார்த்துவிட்டு ஓசையில்லாமல் திரும்பி வந்தேன்.

திருக்கார்த்திகைக்கு இரண்டு நாள் இருந்தது. அகல்களைக் கழுவி அவள் கட்டிலருகிலேயே காய வைத்திருந்தேன். பின்னறை உட்பட எல்லா அறையிலும் விளக்கு வைக்கப்போவதாக அவளிடம் சொன்னேன். அவளுக்காகத்தான் என்றும் சொன்னேன். அவள் குச்சியை என் மேல் எறிந்தாள்.

அன்று பிற்பகல் அச்சங்குளத்திலிருந்து அவளோடு முன்பு வேலை பார்த்த பெண்மணி பார்க்க வந்தார். இன்னும் கம்பெனிக்குப் போய்க்கொண்டிருப்பவர். அவர் உட்கார்ந்த உடனே கருவி, மருந்து என்றது. மறுபடி, மருந்து. மாத்திரையும் உண்ணாமல் இப்படிக் கேட்கிறாள், புத்தி கலங்கிவிட்டது என்று நான் சொன்னேன்.

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். “அண்ணாச்சி, நீங்க பேப்பருக்குள்ள கிடந்த ஆளு. நாங்க மருந்துக்குள்ள கிடந்தவுக” என்றவர், மனைவியின் பக்கம் குனிந்தார். “மதினி, எந்த மருந்து? குடிக்கிற மருந்தா, வெடிக்கிற மருந்தா?”

என் மனைவி குச்சியைக் கீழே போட்டுவிட்டு அவர் கையைப் பற்றினாள். அந்தக் கையையே இழுத்து ‘ஆம்’ மேல் வைத்தாள்.

“வெடிக்கிறதா? இங்கனயா இருக்கு?”

ஆம்.

அவர் எழுந்தார். குரல் மாறியிருந்தது. “மொதல்ல அந்தச் சாமி படத்து ஊதுபத்திய அணைங்க அண்ணாச்சி. தண்ணில முக்கி அணைங்க.”

செருப்பில்லாத காலோடு பின்னறைக்குப் போனார். அங்கே நான் சேர்த்து வைத்திருந்த பழைய மெய்ப்புத்தாள் கட்டுகளுக்குப் பின்னால், சாக்கு போர்த்தி இரண்டு பிளாஸ்டிக் வாளிகள். மேலே ஓடு ஒழுகியிருந்தது. அவர் வாளியின் மேல் புறங்கையை வைத்துப் பார்த்துவிட்டுத் திரும்பினார். “வெள்ளை மருந்து. நனைஞ்சிருக்கு. சுடுது.”

அலுமினியம் கலந்த அந்த வெடிப்பொடி சிறிது ஈரம் பட்டாலே தீயில்லாமல் தானாகச் சூடேறும், நீரில் முழுக அமிழ்த்தினால்தான் அடங்கும் என்பதைத் தெருவில் நின்றபோதுதான் அவர் சொன்னார். சீசனில் ஆர்டர் பெருகினால் உரிமம் இல்லாத ஆட்கள் வீடு வீடாக இந்த மருந்தைக் கொடுத்துவிட்டுப் போவார்கள், நான் கோயிலுக்குப் போகும் நேரத்தில் என் மனைவி அதை வெடிக்குழாய்களில் அடைத்துக் கொடுத்திருப்பாள் என்றும் சொன்னார். அவள் விழுந்த செய்தி கேட்ட பிறகு, மருந்தைக் கொடுத்தவன் இந்தப் பக்கமே வரவில்லை.

மனைவியை நாற்காலியோடு தூக்கித் தெருமுனையில் வைத்தோம். அக்கம்பக்கத்து வீடுகளும் காலியாயின. அந்தப் பெண்மணி தம் கம்பெனியிலிருந்து ஃபோர்மேனையும் இரண்டு ஆட்களையும் வரவழைத்தார். தண்ணீர் நிறைந்த தொட்டிக்குள் அவர்கள் வாளிகளை இறக்கி முடிக்கும்வரை மழை தூறிக்கொண்டிருந்தது. நான் குடை பிடித்து நின்றேன். ஒரு பாட்டும் வரவில்லை. விளக்கேற்றும்போதெல்லாம் அவள் அலறியது ஏன் என்று அங்கே நின்றபோது விளங்கியது. அவள் என் இறைவனை வெறுக்கவில்லை. தீயோடு வீட்டுக்குள் நடமாடிய என்னைத் தடுத்துக்கொண்டிருந்தாள். மழை பெய்த ஒவ்வொரு நாளும் பின்னறையை எண்ணி நடுங்கிக்கொண்டிருந்தாள். நானோ அவள் பக்தியை ஐயுற்றேன். அதற்காக எவரிடம் மன்னிப்புக் கேட்பது என்று தெரியவில்லை, அவளிடமா, அவனிடமா.

அன்று அந்தியில் அவள் அரைக் கிண்ணம் கஞ்சி குடித்தாள்.

ஒரு வாரம் கழித்து, மகள் வேண்டாம் என்று தடுத்தும் கேட்டுவிட்டேன். பேச்சு இருந்த காலத்தில் இதை ஏன் என்னிடம் சொல்லவில்லை? கேட்ட பிறகுதான் அதற்கு விடையாகத்தக்க கட்டம் அந்தத் திரையில் இல்லை என்பது நினைவுக்கு வந்தது. ஆகவே மாற்றிக் கேட்டேன்.

“என்கிட்ட பயமா இருந்துச்சா?”

அவள் கருவியைப் பார்க்கவில்லை, என்னையே பார்த்தாள். குச்சி ‘ஆம்’ அருகே போயிற்று. ‘இல்லை’ அருகேயும் போயிற்று. பிறகு மெல்ல மேலேறி ‘பசி’யைத் தொட்டது.

அடுப்படிக்குப் போய்க் கஞ்சியைச் சூடாக்கினேன்.