மூன்றாவது மாடிக்கு ஒரு லிஃப்ட்

பெருங்களத்தூரில் நாங்கள் வாங்கிய ஃப்ளாட் மூன்றாவது மாடியில். லிஃப்ட் உண்டு என்று ஒப்பந்தத்தில் இருந்தது. குடிவந்தபோது அந்த இடத்தில் ஒரு குழியும் அதை மூடிய பலகையும்தான் இருந்தன. அடுத்த மாதம், அடுத்த மாதம் என்று பில்டர் சொல்லிக்கொண்டே வந்தார். அதற்குள் என் கணவருக்குப் பக்கவாதம் வந்து இடது கால் விழுந்துவிட்டது.

பிசியோதெரபிக்குக் குரோம்பேட்டை போக வேண்டும். பிளாஸ்டிக் நாற்காலியில் அவரை உட்கார வைத்து, வாட்ச்மேனும் எதிர்வீட்டுக்காரரும் தூக்கி இறக்குவார்கள். திரும்பி ஏற்றும்போது எதிர்வீட்டுக்காரர் ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று மூச்சு வாங்குவார். அதைப் பார்க்கச் சகிக்காமல் ஒருநாள் இவர் இனி வேண்டாம் என்றுவிட்டார். பிறகு கீழே இறங்கவே இல்லை.

செங்கல்பட்டு நுகர்வோர் ஆணையத்தில் நான் வழக்குப் போட்டேன். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சராக இருந்தவள், அதுவரை கோர்ட் வாசல் மிதித்ததில்லை. வாய்தா நாளில் கிளம்பும்போது இவரிடம் தயங்கித் தயங்கி நிற்பேன். "போயிட்டு வா. நான் எங்கேயும் போயிடமாட்டேன்" என்பார். கடைசியில் லிஃப்ட் போட்டுத்தரச் சொல்லி உத்தரவு வந்தது. சொன்னேன். "எப்போ?" என்று மட்டும் கேட்டார்.

பில்டர் நேராக ஐகோர்ட்டுக்குப் போய் இடைக்காலத் தடை வாங்கினார். ஆணையத்தின் தீர்ப்பு பிடிக்கவில்லை என்றால் மாநில ஆணையத்தில்தான் அப்பீல் செய்ய வேண்டும், அதை விட்டுவிட்டு இங்கே வந்தது நிற்காது என்றார் என் வக்கீல். நிற்காத வழக்கு நகரவும் இல்லை.

அந்த மழைக்காலத்தில் இவருக்கு மறுபடியும் பக்கவாதம். மாடித் திருப்பத்தில் ஸ்ட்ரெச்சர் திரும்பவில்லை. ஆம்புலன்ஸ்காரர்கள் போர்வையில் கிடத்தி இறக்கினார்கள். ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் இருந்து போய்விட்டார். மேலே தூக்கிக்கொண்டு போக வேண்டாம் என்று என் மைத்துனர் சொன்னார். சரி என்றேன். கார் நிறுத்தும் இடத்தில் கிடத்தினோம். யாருடைய ஸ்கூட்டரையோ நகர்த்திவிட்டு இடம் பண்ணினார்கள்.

காரியமெல்லாம் முடிந்த பிறகு வக்கீல் போன் செய்து, வழக்கு விசாரணைக்கு வருகிறது என்றார். போனேன். பில்டரின் வக்கீல் நீளமாகப் பேசினார். நீதிபதி கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அப்பீலுக்குச் சட்டத்திலேயே வழி இருக்கே. அங்கே போகாம இங்கே ஏன் வந்தீங்க?" என்றார். மனு தள்ளுபடி. வேண்டுமானால் மாநில ஆணையத்துக்குப் போகலாம் என்றும் சொன்னார். அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

வெளியே வந்ததும் வக்கீல், "ஜெயிச்சுட்டோம்மா" என்றார்.

"இனிமே?"

"அப்பீல் போவாங்க. அது அவங்க உரிமை."

தலையாட்டினேன். கோட்டை ஸ்டேஷனில் ரயில் ஏறினேன். வீட்டில் தயிர் இருக்கிறதா என்று யோசித்துக்கொண்டே வந்தேன். அழுகை வரும் என்று எதிர்பார்த்தேன், வரவில்லை.

அப்பீலும் ஒரு வழியாகத் தோற்றது. லிஃப்ட் வந்தது. பூஜை போட்ட அன்று அசோசியேஷன் செயலாளர், கீழ்வீட்டுப் பெண், "அக்கா, நீங்கதான் முதல்ல ஏறணும்" என்றாள். மற்றவர்கள் விலகி நின்றார்கள். ஏறினேன். உள்ளே புது ரப்பர் வாசனை, ஒரு கண்ணாடி. மூன்றாவது மாடியில் கதவு திறந்தது. இறங்கி, வீட்டைத் திறந்து, குக்கரை அடுப்பில் வைத்தேன்.