கண்கட்டிய நால்வருக்குக் கண்ணீர் அஞ்சலி

வாகரைச் சந்தியில் கிருசிகாவின் அச்சுக்கடையைத் தெரியாதவர் இல்லை. எந்த வீட்டில் சாவு விழுந்தாலும் கண்ணீர் அஞ்சலி பனர் அவள் கையால்தான். கலியாணப் படத்தின் பின்வரிசையில் பல்லை இளித்துக்கொண்டு நிற்பவரையும் வெட்டியெடுத்து, பூச்சட்டத்துக்குள் கௌரவமாக உட்காரவைத்துவிடுவாள்.

வரலாறு படிப்பிக்கும் லக்ஷன் பள்ளிக்கூடக் கண்காட்சிக்கென்று ஒரு பழைய படத்தோடு வந்தான். வெள்ளைக்காரப் படை பர்மாவைப் பிடித்த காலத்தில் அதன் அதிகாரி ஒருவன் எடுத்தது. சுவரோரம் கண்கட்டிய நாலு பேர். எதிரே நீட்டிய துவக்குகள்.

“கமரா சரிவரும்வரைக்கும் சுடவேணாமெண்டு மறிச்சுவெச்சு எடுத்திரிக்கான் அக்கா. பெரிசா அடிச்சுத் தாங்க.”

கிருசிகா படத்தைக் கிட்டத்தில் பிடித்துப் பார்த்தாள். சாகப்போகிறவனைப் படத்துக்காகக் காக்கவைத்தவன் ஒரு மனிசனா?

“அடிச்சுத் தாறன். அந்த நாலு பேருக்கும் தனித்தனியா அஞ்சலியும் அடிப்பன். கண்காட்சியில சேத்துத் தூக்குறதெண்டாத் தூக்குங்க, இல்லாட்டி வேற கடையப் பாருங்க.”

“பேரே தெரியாத ஆக்களுக்கா?”

“செத்தவங்கதானே?”

அவள் பிடித்தால் பிடித்ததுதான். லக்ஷன் தலையாட்டினான்.

அடித்த நாலையும் கடைவாசலில் காயவிட்டதுதான் தாமதம், சந்தியில் சைக்கிள்கள் நின்றன. “எந்த ஊட்டுச் சாவு?” என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். பஸ்ஸால் இறங்கிய கதிரவெளிச் சீதேவிப்பிள்ளை ஓடியே வந்தாள். படையினர் கூட்டிப்போன மகனைப் பல வருடமாகத் தேடுகிறவள். அவன் செத்துவிட்டான் என்று யாரையும் சொல்லவிடாதவள், அஞ்சலி அடிக்கவும் விடாதவள். கண்கட்டுக்குக் கீழே தெரிந்த வாயையும் நாடியையும் ஒவ்வொரு படமாகப் பார்த்தாள்.

“இது வெள்ளைக்காரன் காலத்துப் படம் மாமி” என்றான் லக்ஷன்.

“தெரியுதுகா” என்றாள். ஆனாலும் நாலாவதையும் பார்த்து முடித்தாள். “எடுத்தவன் இவங்கட பேரக் கேக்கல்லயா?”

“கேக்கல்ல மாமி.”

அஞ்சலியின் அடியில் ‘தகவல்: மனைவி, மக்கள்’ என்று போடுவது வழக்கம். எதைப் போடுவதென்று தெரியாமல் கிருசிகா ‘தகவல்’ என்பதோடு நிறுத்தியிருந்தாள். சீதேவிப்பிள்ளையின் விரல் அங்கே போய் நின்றது.

“இதில ஆரு?”

“போடுறதுக்கு ஆக்கள் இல்லையே.”

“ஏன் இல்ல? தாயெண்டு போடு.”

கிருசிகா அவள் முகத்தைப் பார்த்தாள்.

“என்ட புள்ளைக்கில்லகா. அவன் வருவான். இந்தப் புள்ளைகளுக்கு நான் இரிக்கன். எழுது.”

லக்ஷன் பனரை இழுத்துப் பிடித்தான். கிருசிகா மார்க்கரை எடுத்து நாலிலும் எழுதினாள்: தாய், கதிரவெளி.