நிலக்கரிக்காரர்களின் வேகம்

நடந்தவை, வரிசைப்படி:

1. வளைகுடா நகரில், சத்வா பகுதியில், பழைய ஃபிலிம் சுருள்களை டிவிடியாக மாற்றித் தரும் கடையில், முதன்முறையாக எனக்குத் தனியாக ஒரு சுருள் கொடுத்தார்கள்.
2. ஒலியில்லாத படம். சுரங்க வாசலில் ஆட்கள் நிலக்கரி அள்ளுகிறார்கள். கொண்டுவந்த ஆங்கிலேய முதியவரின் தாத்தா எடுத்தது. "அவர்கள் இருந்தபடியே இருக்க வேண்டும்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.
3. வழக்கம்போல விநாடிக்கு இருபத்துநான்கு பிரேமில் ஓட்டினேன்.
4. ஆட்கள் பொம்மைகள்போலத் துள்ளித் துள்ளி அள்ளினார்கள். கடையே சிரித்தது. நானும்தான்.

"வாடிக்கையாளர் திருப்பிக் கொண்டுவந்தா, நீ பழையபடி கேசட் காப்பி போடப் போயிடு" என்றார் சூப்பர்வைசர்.

அந்தக் கால கேமராவைக் கையால் சுற்றினார்கள். சரியான வேகம் எங்கும் எழுதியிருக்காது. அது தெரிந்தும் யோசிக்காமல் விட்டிருந்தேன்.

அவனுக்கு வார விடுமுறையான வெள்ளிக்கிழமை, வழக்கம்போல் தொழிலாளர் கேம்பிலிருந்து அண்ணன் பரோட்டா பொட்டலத்தோடு கடைக்கு வந்தான். கேபிள் புதைக்கப் பள்ளம் தோண்டுகிற வேலை அவனுக்கு. படத்தைப் பார்த்தான். சிரிக்கவில்லை.

"யாரு பாப்பா இவனுங்க? ஃபோர்மேன் தலைமேல நின்னு ஜல்தி ஜல்தின்னு கத்துனாலும் இப்படி அள்ள முடியாது. அரைமணி நேரத்துல சுருண்டு விழுந்துருவான்."

"அப்ப எவ்வளவு வேகம்ணே?"

"வாயால சொன்னா ஆகுமா? ஏதாச்சும் கனமாக் குடு."

தண்ணீர்க் கேனைக் கொடுத்தேன். தரையிலிருந்து தள்ளுவண்டிக்குப் பத்துமுறை, சைட்டில் அள்ளுகிற நிதானத்தில் ஏற்றி இறக்கினான். செல்போனில் நேரம் கணக்கிட்டேன்: நாற்பது விநாடி. படத்தில் அதே பத்து அள்ளலுக்கு இருபத்தேழு. வகுத்துப் பார்த்தால் விநாடிக்குப் பதினாறு பிரேம்.

பதினாறில் ஓட்டினேன். மண்வெட்டியில் கனம் ஏறியது. ஓர் ஆள் நிமிர்ந்து, இடுப்பைப் பிடித்தபடி நின்றான். முன்பு அந்த இடம் ஒரு துள்ளலாகத்தான் தெரிந்தது.

"மூச்சு வாங்குறான் பாரு" என்றான் அண்ணன். "இவன் நம்ம ஆளு. பரோட்டா ஆறுது, தின்னு."

பத்து நிமிடப் படம் பதினைந்து நிமிடமானது. சூப்பர்வைசர் முணுமுணுத்தார். முதியவர் கடையிலேயே உட்கார்ந்து முழுவதும் பார்த்தார். இடுப்பைப் பிடித்து நின்றவன் வந்ததும் நிறுத்தச் சொல்லி, மறுபடி அந்த இடத்தைக் கேட்டார்.

சுருள் திரும்பி வரவில்லை. அதன்பின் கேசட் பக்கம் நான் போகவில்லை. அண்ணன் அதே சைட்டில்தான் இருக்கிறான். ஒலியில்லாத படத்தில் யாராவது வேலை செய்துகொண்டிருந்தால், வெள்ளிக்கிழமை வரை அதை அனுப்பாமல் வைத்திருக்கிறேன்.