அடையாற்றுக் கிணற்றில் அரியமுத்து

வேம்புவின் புருஷன் அரியமுத்துவைச் சொந்த ஊரான ரெட்டிபாளையத்தில் புதைக்கவில்லை. அவனுடைய சட்டையை மாட்டிய ஒரு வைக்கோல் உருவத்தைத்தான் புதைத்தார்கள். ஆள் சென்னையில், அடையாற்றுப் பாலம் ஒன்றின் அடியில் இருக்கிறான்.

பாலத்தின் தூணை ஆற்று மணலில் அப்படியே நட்டுவிட முடியாது. வெள்ளைக்காரன் காலத்தில் செங்கல்லால் கிணறு கட்டி இறக்கினார்கள், பிறகு கான்கிரீட்டில். முதலில் ஒரு பெரிய வளையத்தை ஆற்றுக்குள் நிறுத்துவார்கள். உள்ளே மண்ணை அள்ள அள்ள, வளையம் தன் பாரத்திலேயே கீழே இறங்கும். அதன்மேல் அடுத்த வளையம் வார்ப்பார்கள். கெட்டித் தரை தட்டியதும் கிணற்றை அடைத்து மேலே தூண் எழுப்புவார்கள். அப்புறம் தலைநகரத்து ஜனங்கள் ஹாரன் அடித்துக்கொண்டு போவார்கள். கீழே கிணறு இருப்பது அவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

அரியமுத்து அந்த மண்ணை அள்ளப் போனவன். ஊரிலேயே சிமெண்ட் ஆலை இருந்தும் அவனுக்கு அதில் வேலை கிடைக்கவில்லை. சிமெண்ட் போன ஊருக்கே அவனும் போனான். மகள் மணிமொழி அப்போது கைக்குழந்தை. கிணற்றின் அடிவிளிம்பில் மாட்டிய பாறையைப் பெயர்க்க அவனை உள்ளே இறக்கினார்கள். தண்ணீரை அவசர அவசரமாக இறைத்ததில், வெளி மணல் அடிவழியே பொங்கி ஏறி அவனை மூடிவிட்டது. தோண்டிப் பார்த்தார்கள். தோண்டத் தோண்டப் பொங்கியது. கடைசியில் அந்த மணலோடு சேர்த்துக் கிணற்றை அடைத்துவிட்டார்கள்.

"அவன் உசுரக் குடுத்துத்தான் பாலம் நிக்குது வேம்பு, பெருமப்படு," என்று துக்கம் கேட்க வந்தவர்கள் சொன்னார்கள். பெருமையாம், பெருமை. வேறொருத்தியாக இருந்தால் விளக்குமாற்றை எடுத்திருப்பாள். வேம்புவுக்குக் கோபமும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. வைக்கோலைப் புதைக்கும்போது யார் வீட்டுச் சாவோ என்று நின்றாள். மரத்துப்போன மனசு மரத்துப்போனதுதான். களை எடுத்தாள், மகளை வளர்த்தாள், பெரம்பலூரில் கட்டிக்கொடுத்தாள். எல்லாம் கை பாட்டுக்குச் செய்தது.

போன மாதம் மணிமொழி போன் செய்தாள்.

"அம்மா, அந்தப் பாலத்த இடிக்கிறாங்களாம். பக்கத்துல புதுசு கட்டிட்டாங்க."

"அப்ப ஒங்கப்பாவ எடுத்துருவாங்கல்ல. எலும்பா இருந்தாலும் கொண்டாந்து பொதச்சிரலாம்," என்றாள் வேம்பு. இத்தனை வருஷத்தில் அவள் வாய்விட்டுக் கேட்ட ஆசை இது ஒன்றுதான்.

இருவரும் சென்னைக்கு பஸ் ஏறினார்கள். வேலை நடக்கும் இடத்தில் மணிமாறன் என்ற இளம் இன்ஜினியர் நாற்காலி போட்டு உட்காரவைத்து விவரம் கேட்டான். கேட்டு முடித்ததும் ஹெல்மெட்டைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான்.

"கெணத்த நாங்க எடுக்க மாட்டோம்மா. ஆத்துத் தரைக்குக் கீழ கொஞ்சம் வரைக்கும் வெட்டி எடுத்துருவோம். மிச்சம் மண்ணுக்குள்ளயேதான் கெடக்கும். அவ்வளவு ஆழம் தோண்டுனா புதுப் பாலத்துக்கு ஆபத்து."

"ஒரு கைப்பிடி எலும்பாவது கெடைக்காதா சார்?" என்று மணிமொழி கெஞ்சினாள்.

"முடியாதுங்கக்கா," என்றான். பொய் சொல்லத் தெரியாத பையன்.

வேம்பு பழைய பாலத்தைப் பார்த்தாள். தளத்தைத் துண்டு துண்டாக அறுத்து கிரேனில் இறக்கிக்கொண்டிருந்தார்கள். ஒரு தூண் மொட்டையாக நின்றது.

"அப்ப அந்த எடத்துல வேற ஒண்ணும் கட்ட மாட்டீங்களா தம்பி?"

"மாட்டோம்மா. தண்ணிதான் ஓடும்."

"பஸ்ஸு, லாரி?"

"போவாதும்மா. எல்லாம் புதுப் பாலத்துலதான்."

"இத்தன வருசமா அவரு மேல ஏறி ஏறிப் போனாங்க," என்றாள் வேம்பு. "இனிமே பாரமில்லாம படுத்திருக்கட்டும்."

மணிமொழி உடைந்து அழுதாள். வேம்புவுக்கு அப்போதும் கண்ணில் நீர் வரவில்லை. மகளின் கையைப் பிடித்து, "பசிக்குது புள்ள, சோறு வாங்கிக் குடு," என்றாள். தனக்குப் பசிக்கிறது என்று அம்மா சொல்லி மணிமொழி அதுவரை கேட்டதே இல்லை.