மாப்பிள்ளைக்கு வாங்கிய கார்

கார்களையும் அவற்றை வாங்குகிறவர்களையும் பற்றி ஆவணப்படம் எடுக்கத் தொடங்கியதிலிருந்து எனக்கு ஓரிடத்தில் இருப்புக் கொள்ளவில்லை. கழக்கூட்டம் மேம்பாலத்தடியில் நெரிசலைப் படம்பிடித்துக்கொண்டிருப்பேன். பாதியில் கேமராவை மூடிவிட்டு ஸ்கூட்டரைக் கிளப்பிவிடுவேன். எதையோ தவறவிடுகிறேன் என்ற பதற்றம். எதை என்றுதான் தெரியவில்லை.

அந்த நாட்களில்தான் ஒரு ஷோரூமில் படமெடுக்க அனுமதி கிடைத்தது. ஆரியசாலைக் கடைத்தெருவில் பருப்பு மொத்த வியாபாரம் செய்யும் ஒரு திருநெல்வேலி அண்ணாச்சி, வரப்போகும் மருமகனுக்காகக் கார் எடுக்க வந்திருந்தார். கழக்கூட்டத்தில் சாஃப்ட்வேர் வேலை பார்க்கும் மகளும் கூட வந்திருந்தாள். மாப்பிள்ளையும் அவன் அப்பாவும் எதிர்ப்பக்கம் நின்றார்கள். முதலில் சின்னக் கார்தான் பேச்சாம். பிறகு பெரியது, பிறகு கண்ணாடிக் கூரை வைத்தது என்று மாப்பிள்ளை வீட்டில் மாற்றிக்கொண்டே போனதை அண்ணாச்சி பெருமையாகவே என்னிடம் சொன்னார்.

காரை மூடியிருந்த பட்டுத்துணியை விலக்கினார்கள், கேக் வெட்டினார்கள். ஃபோட்டோவுக்காக அட்டையில் செய்த பெரிய சாவியை மாப்பிள்ளை கையில் கொடுத்ததும், பின்னால் கார் மறைகிறது என்று மகளைத் தள்ளி நிற்கச் சொன்னார்கள். அவள் தள்ளி நின்றாள். பிறகு நேராக மேசைக்குப் போய் நிஜச் சாவியை எடுத்துக்கொண்டு ஓட்டுநர் சீட்டில் உட்கார்ந்தாள்.

முதல் ஓட்டம் ஆம்பிளை எடுப்பதுதான் முறை என்றார் மாப்பிள்ளையின் அப்பா. மாப்பிள்ளை அட்டைச் சாவியைக் கைமாற்றிப் பிடித்துக்கொண்டான். அவள் அவனையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"அப்பா, ஏறுங்க," என்றாள். பிறகு என்னைப் பார்த்து, "அக்கா, நீங்களும்."

அண்ணாச்சி தடுமாறி முன்னால் ஏறினார். நான் கேமராவோடு பின்சீட்டில். மாப்பிள்ளை அங்கேயே நின்றுவிட்டான்.

பைபாஸில் அவள் நிதானமாக ஓட்டினாள். சாக்கைச் சந்திப்பு நெருங்கியது.

"ஏளா, நீ எப்ப வண்டி ஓட்டப் படிச்ச?" என்றார் அண்ணாச்சி.

"போன வருஷமேப்பா. நீங்க கேக்கல." சிக்னலில் வண்டியை நிறுத்திவிட்டுச் சொன்னாள்: "எனக்கு இந்தக் கல்யாணம் வேண்டாம்."

அவர் கதவுக்கு மேலிருந்த பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

கல்யாணம் நின்றது. சொந்தக்காரர்கள் நாளெல்லாம் கடைக்கு வந்து அவரைக் குடைந்தார்கள். அதையெல்லாம் அவள்தான் எனக்கு ஃபோனில் சொல்வாள். படத்தில் தன்னைக் காட்டலாம் என்றாள், ஆனால் அப்பாவிடமும் கேட்கச் சொன்னாள். நான் கேட்கப் போனபோது அவர் மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்தார். பக்கத்து மூட்டையின் வாயை அவிழ்த்துத் திரும்பக் கட்டினார்.

"போட்டுக்கிடுங்க," என்றார். "என் முகம் மட்டும் தெரிய வேண்டாம்."

இப்போது எடிட்டிங்கில் அவர் முகத்தை வெட்டிவிட்டேன். பிடியைப் பற்றிய கை மட்டும் இருக்கிறது. அந்தக் காட்சியை ஓட்டிப் பார்க்கிறேன், நிறுத்துகிறேன், எழுந்து வராந்தாவில் நடக்கிறேன். முகமில்லாமல் அவர் கோபக்காரரைப் போலத் தெரிகிறார். அன்று அவர் கோபமாக இருக்கவில்லை.