ஒரே சீரான சோகம்

பெரியவர் இறந்துவிட்டார் என்ற செய்தி பிற்பகல் மூன்றே முக்காலுக்கு வந்தது. போட்டிச் சேனலில் வந்தது. பெரியவர் ஒரு செய்திச் சேனலின் முதலாளி. நாட்டில் எங்கே என்ன நடந்தாலும் முதலில் சொல்வது நாங்கள்தான் என்று கட்டடத்தின் நெற்றியிலேயே எழுதி விளக்குப் போட்டிருந்தார். அந்தக் கட்டடத்துக்குள் கேன்டீன்காரர் ஓடிவந்து, "உங்க முதலாளி போயிட்டாராமே, அந்த டிவியில ஓடுது" என்று சொன்ன பிறகுதான் செய்திப் பிரிவுக்கு விஷயம் தெரிந்தது. கேன்டீனில் எப்போதும் அந்த டிவிதான் ஓடும்.

மேக்கப் அறையில் பச்சையண்ணன் அப்போது ஸ்பாஞ்சுகளை அலசிக்கொண்டிருந்தார். அவருக்கு வீட்டில் வைத்த பெயர் வேறு. வேலைக்குச் சேர்ந்த முதல் நாள், வானிலை சொல்பவருடைய சிவந்த மூக்கின் மேல் பச்சை நிறக் களிம்பை எடுத்துத் தடவினார். வானிலைக்காரர் கண்ணாடியைப் பார்த்துவிட்டு, "என்னய்யா, என்னைக் கிளியாக்கிட்டே!" என்று எழுந்து ஓடப் பார்த்தார். தோளை அழுத்தி உட்காரவைத்து, மேலே ஃபவுண்டேஷனைப் பூசியதும் பச்சையும் போயிற்று, சிவப்பும் போயிற்று. பெயர் மட்டும் போகவில்லை.

அதற்கு முன் அவர் பெயிண்டுக் கடையில் நிறம் கலக்கிக்கொண்டிருந்தார். சிவப்புச் சுவரின் மேல் வெள்ளையை எத்தனை முறை அடித்தாலும் உள்ளே இருக்கும் சிவப்பு எட்டிப் பார்க்கும் என்பது அங்கே கற்றது. முகமும் அப்படித்தான். சிவப்பை வெள்ளையால் மூட முடியாது, பச்சையால்தான் அடக்க முடியும். கண்ணுக்குக் கீழே நீலம் பாய்ந்த கருவளையத்துக்குப் பீச் என்னும் இளம் ஆரஞ்சு நிறம். மஞ்சள் பூத்துச் சோர்ந்த முகத்துக்கு ஊதா. இவற்றுக்குக் கரெக்டர் என்று பெயர். நிறங்கள் ஒன்றையொன்று கொன்ற பிறகு மிச்சமிருப்பதன் மேல்தான் மற்ற பூச்செல்லாம். இதை அவர் புறங்கையில் வைத்துத்தான் கலப்பார். தட்டு வாங்கித் தருகிறேன் என்று நிர்வாகம் பல வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது.

பெண் பார்க்கப் போனபோது, "மாப்பிள்ளை என்ன வேலை?" என்று கேட்ட மாமியாருக்குத் தரகர், "டிவியில முகம் சம்பந்தப்பட்ட வேலை" என்று பதில் சொன்னார். மாமியார் வெகுநாள் அவரைத் திரையில் தேடினார். உண்மை தெரிந்ததும், "ஊர் முகத்துல பவுடர் பூசுறவருக்கா என் பொண்ணைக் கொடுத்தேன்" என்று இரண்டு நாள் சாப்பிடவில்லை. மூன்றாம் நாள், கழுத்தில் இருக்கும் கறுப்பு போக ஏதாவது இருக்கிறதா மாப்பிள்ளை என்று தனியாக வந்து கேட்டார். மனைவி எதுவும் கேட்டதில்லை. படுக்கையறைச் சுவரின் ஈரக்கறையைக் காட்டி, "ஊரெல்லாம் சீர் பண்றீங்க, இது உங்க கண்ணுல படாதா?" என்று மட்டும் அவ்வப்போது சொல்வாள்.

சேனலில் அவரிடம் வருபவர்கள் எல்லாருக்கும் ஒரே வேண்டுதல்தான். "அண்ணே, இன்னைக்கு ஒரு ஷேடு ஏத்துங்க."

"சீராக்குறதுதான் என் வேலை. வெளுக்கணும்னா சோப்புத்தூள் போட்டு ஊறவைங்க" என்பார். சொல்லிவிட்டு அரை ஷேடு ஏற்றிவிடுவார். அவருக்கும் வேலை நிலைக்க வேண்டுமே.

பெரியவர் மட்டும் அப்படிக் கேட்டதில்லை. இரண்டு கன்னத்திலும் மங்கு படர்ந்த முகம் அவருக்கு. வாராவாரம் நேயர்களோடு பேசும் நிகழ்ச்சிக்காக நாற்காலியில் வந்து விழுவார். "என்னமோ பண்ணு" என்பார். எதிரே இருக்கும் டிவியில் போட்டிச் சேனலின் தொடரை வைக்கச் சொல்வார். மாமியார் மருமகளுக்கு விஷம் வைப்பாளா மாட்டாளா என்று பார்த்தபடியே தூங்கிப்போவார். தூங்கும் முகத்தில்தான் வேலை ஓடும். அந்தக் கன்னத்தின் எந்த மேட்டில் எவ்வளவு நிறம் குடிக்கும் என்பது பச்சையண்ணனின் கட்டைவிரலுக்குத் தெரியும். எழுப்பும்போது, "வெச்சாளா?" என்று கேட்பார் பெரியவர். "இன்னும் இல்லீங்க" என்பார் இவர். அவர்களுக்குள் இருந்த பேச்சு அவ்வளவுதான்.

இப்போது அந்த நாற்காலிக்குத்தான் அடிதடி. நாலரை மணிக்குச் சிறப்புச் செய்தி. செய்தி படிப்பவருக்குப் பின்னால் துறைத் தலைவர்கள் எல்லாரும் வரிசையாக நின்று அஞ்சலி செலுத்துவதாக ஏற்பாடு. ஏற்பாட்டைச் செய்தவர் தயாரிப்பாளர். நடந்து போவதை யாரும் பார்த்ததில்லை என்பதால் அவருக்கு அவசரம் என்று பெயர்.

"அண்ணே, எல்லாருக்கும் ஒரே சீரா சோகம் வேணும்" என்றார் அவசரம், கதவைப் பிடித்தபடி.

"சோகத்துல என்ன ஷேடு?"

"விளையாடாதீங்கண்ணே. கண்ணுக்குக் கீழ கொஞ்சம் கறுப்பு, மூக்கு நுனியில கொஞ்சம் சிவப்பு. ராத்திரியெல்லாம் தூங்காத மாதிரி."

"அவரு போனதே மத்தியானம்தானே?"

"பாக்குறவன் கணக்கா போடப் போறான்?"

இத்தனை வருடமும் எதை மறைத்தாரோ அதையே வரைய வேண்டியதாயிற்று. விளம்பரப் பிரிவுத் தலைவர் முதலில் உட்கார்ந்தார். பெரியவரோடு ஒன்றரை வருடமாகப் பேச்சுவார்த்தை இல்லாதவர். மூக்கில் சிவப்பு வைத்ததும் கண்ணாடியில் திரும்பித் திரும்பிப் பார்த்து, "இன்னும் கொஞ்சம் அழுத்திப் போடுங்க. நான் அவருக்கு ரொம்ப நெருக்கம்" என்றார். அடுத்து நிகழ்ச்சிப் பிரிவுத் தலைவர். "அவருக்கு வெச்சதை விட எனக்குக் கம்மியா இருக்கே" என்று குறைப்பட்டார். செய்தி படிக்கத் தேர்வாகியிருந்த, புதிதாகச் சேர்ந்த பெண் ஏற்கெனவே தயாராகி நாற்காலியில் இருந்தாள். அழகாக, அளவாக, ஒரு சொட்டுக் கண்ணீர் எப்போது வேண்டுமானாலும் விழலாம் என்பதுபோலத் துக்கம் பூசியிருந்தாள். "பெரியவர்னா எப்படி இருப்பாரு அண்ணே? நான் நேர்ல பாத்ததே இல்லை" என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் செய்தியக்கா உள்ளே வந்தார்.

பதினாறு வருடமாக அந்தச் சேனலில் செய்தி படிப்பவர். கொஞ்ச நாளாக விடியற்காலைச் செய்திக்குத் தள்ளியிருந்தார்கள். அவர் முகத்திலும் மங்கு உண்டு. ஆள் எடுத்த அன்று தேர்வுக்குழு, குரல் நன்று, நிறம் சீராக இல்லை என்று ஒதுக்கியது. அந்தப் பக்கமாகப் போன பெரியவர், "சீராக்குறதுக்குத்தானே உள்ள ஒருத்தனை உக்கார வெச்சிருக்கேன்?" என்று ஒரு வார்த்தை கேட்டார். அதோடு குழு கலைந்தது.

இப்போது செய்தியக்காவின் மூக்கு பழுத்திருந்தது. இமைகள் வீங்கியிருந்தன. கன்னமெல்லாம் திட்டுத்திட்டாகச் சிவப்பு.

"நான்தான் படிப்பேன்" என்றார்.

அவசரம் கையைப் பிசைந்தார். "அக்கா, இந்த முகத்தோடயா? அலர்ஜின்னு நினைப்பாங்க."

"அழுதிருக்கேன்டா."

"அழுத மாதிரி இருக்கணும்க்கா. அழுதிருக்கக் கூடாது."

விளம்பரத் தலைவர் தன் மூக்கின் சிவப்பு கலையாதபடி தலையை ஆட்டி அதை ஆமோதித்தார்.

"எனக்கு வாய் கொடுத்த மனுஷன். அவரு போன செய்தியை நான் சொல்லாம, நேத்து வந்த பிள்ளை சொல்லணுமா?" என்றார் செய்தியக்கா. "இதுக்கப்புறம் என்னை எங்க வேணா தள்ளு. விடியக்காலை இல்ல, வாசல்ல வெச்சுப் படிக்கச் சொல்லு. இது ஒண்ணு எனக்கு."

அந்தப் பெண் தானாகவே நாற்காலியை விட்டு எழுந்தாள். அவசரம் மணியைப் பார்த்தார். பிறகு பச்சையண்ணனைப் பார்த்தார். "நாலு இருபத்தஞ்சுக்குள்ள சீராக்க முடியுமா? முடிஞ்சா அக்கா. இல்லேன்னா இந்தப் பொண்ணு."

"முடியும்" என்றார் பச்சையண்ணன். அழுகிற முகத்தில் எதுவும் நிற்காது என்பது அவருக்குத் தெரியும். ஈரச் சுவரில் பெயிண்ட் அடிப்பதுபோல.

மூக்கில் பச்சையை வைத்தார். ஒரு சொட்டு வந்து இழுத்துக்கொண்டு போயிற்று. துடைத்து மறுபடி வைத்தார். மறுபடி வந்தது. விளம்பரத் தலைவர் வாசலில் நின்று, "எனக்கு இடது பக்கம் லேசா அழிஞ்சிடுச்சு" என்றார். யாரும் திரும்பவில்லை.

"தங்கச்சி, கொஞ்சம் நிறுத்தும்மா."

"நான் எங்கண்ணே அழுறேன், அதுவா வருது."

"ஒண்ணு சொல்றேன் கேளு. நீ படிச்ச செய்தியை அந்த மனுஷன் ஒரு நாள் கூடப் பாத்ததில்லை."

செய்தியக்கா கண்ணைத் திறந்தார்.

"இதே நாற்காலிதான். நீ அந்தப் பக்கம் உயிரைக் கொடுத்துப் படிச்சுக்கிட்டிருப்பே. இவரு இங்க எதிரி டிவியில சீரியல் பாத்துக்கிட்டிருப்பாரு. மாமியாக்காரி விஷம் வெச்சாளான்னு என்கிட்ட கேப்பாரு."

"அந்தக் கருமத்தையா? நிஜமாவா?"

"வீட்டுலயும் அதுதானாம். டிரைவர் சொன்னான். இன்னைக்கு உயிர் போனப்பவும் அந்தச் சேனல்தான் ஓடிச்சாம். அவனுங்களுக்கு எப்படி முதல்ல தெரிஞ்சுதுன்னு நினைக்கிறே? வீட்டுலேர்ந்தே கூப்பிட்டுச் சொல்லியிருப்பாங்க, தெரிஞ்ச நம்பர் அதுதானே!"

செய்தியக்கா சிரித்துவிட்டார். வயிறு குலுங்கச் சிரித்தார். கண்ணீர் நின்றது. சிரித்து அடங்கிய முகம் உலர்ந்து, வேலைக்கு வாகாக இருந்தது. பச்சை நின்றது. கன்னம் அடங்கியது. பச்சையண்ணன் புறங்கையில் பீச் நிறத்தைக் கலந்தார், ஒவ்வொரு கண்ணுக்கும் ஒரு பொட்டு. இடது கண்ணுக்குக் கீழே ஒற்றி ஒற்றிப் பரப்பினார். கருவளையம் கண்ணெதிரே கரைந்தது.

"கடைசியில வெச்சாளா அண்ணே?" என்றார் செய்தியக்கா, கண்ணை மூடியபடி.

"என்னது?"

"அந்த மாமியாக்காரி. விஷம்."

பச்சையண்ணன் வாயைத் திறந்தார். இன்னும் இல்லீங்க என்று சொல்ல வந்தது. வலது கண்ணுக்குப் போன விரல் பாதியில் நின்றது. கண்ணாடியில் இருந்த முகம் இரண்டாகத் தெரிந்தது, பிறகு தெரியவே இல்லை. நிறம் பார்ப்பவனுக்குக் கண் கலங்கினால் எது பீச், எது ஊதா?

"ரெண்டு நிமிஷம்! ஆள் எங்க?" என்று உள்ளேயிருந்து கத்தினார்கள்.

செய்தியக்கா கண்ணைத் திறந்து அவரை ஒரு தடவை பார்த்தார். பவுடர் பஞ்சைத் தானே எடுத்து முகம் முழுக்க ஒரு வீச்சு வீசிக்கொண்டு எழுந்தார். வாசலில் அவசரம் அவர் முகத்தைப் பார்த்து, ஏதோ சொல்ல வாயெடுத்து, மணியையும் பார்த்துவிட்டு வழிவிட்டார்.

அவர்தான் படித்தார். குரல் ஓரிடத்திலும் உடையவில்லை. பின்னால் ஆறு தலைவர்கள் ஒரே அளவு கறுப்போடும் ஒரே அளவு சிவப்போடும் வரிசையாக நின்றார்கள். விளம்பரத் தலைவர் மட்டும் இடது பக்கத்தைக் கேமராவுக்குக் காட்டாமல் நின்றார். நேயர்கள் தொலைபேசியில் கூப்பிட்டு, ஆறு பேருடைய துக்கமும் உருக்கமாக இருந்ததாகவும், படித்த அம்மாவுக்கு ஒரு பக்கம் வெளிச்சம் விழவில்லை என்றும் சொன்னார்கள். விளக்குப் பிரிவுக்கு விளக்கம் கேட்டு ஆள் போயிற்று.

மனைவியும் கூப்பிட்டாள். "பாத்தேங்க. பாவம், அந்தப் பெரியவர். ஆனா செய்தியக்காவுக்கு ஒரு கண்ணு மட்டும் கறுப்பா இருந்துதே, லைட்டு சரியில்லையா?"

"லைட்டுதான்" என்றார் பச்சையண்ணன்.

மீதி ஸ்பாஞ்சுகளை அலசினார். டப்பாக்களை மூடினார். நாற்காலியைத் துடைத்து, எதிரே இருந்த டிவியை அணைத்தார். கை கழுவக் குழாயடிக்குப் போனபோதுதான் பார்த்தார். வலது கண்ணுக்கென்று கலந்த பீச் நிறப் பொட்டு, புறங்கையில் அப்படியே காய்ந்துபோயிருந்தது.